வானவழியிலே செவியுணவு

'பொழுதுபோக்கு' என்பது விந்தையான ஒரு சொல். பொழுது தானே போகும். அதனைப் போக்குவதற்கு ஒருவர் வேண்டியதில்லை. நாம் உழைத்தாலும் உறங்கினாலும் ஞாயிறு மேற்கே சாய்ந்தே தீரும். ஆயினும், போகின்ற பொழுது போகாதது போலத் தோன்றும் இடங்கள் சில உண்டு. வைத்தியசாலை வாங்கு அவற்றுள் ஒன்று. பரீட்சை மண்டபத்திலே மேற்பார்வை செய்யும் ஆசிரியனுடைய நாற்காலி இன்னொன்று. ஆகாய விமானத்தின் இருக்கை மூன்றாவது. அங்கே உலாவ இடமில்லை. இறங்கிப் போக வழியில்லை. பக்கத்தில் இருப்பவர் யாரென்று அறியோம். இந்த நிலையிலே, பிரயாணிகளின் பொழுதைப் போக்கிவிடும் பொறுப்பை விமான நிறுவனங்கள் தாமே ஏற்றுக்கொண்டிருக்கின்றன. அப்பொறுப்பை அவை எவ்வாறு ஆற்றுகின்றன, யாரை நினைந்து ஆற்றுகின்றன என்பதே ஈண்டு நான் சிந்திக்க விரும்புவது.

இலக்கியப் பக்கத்துக்கும் விமானத்துக்கும் என்ன தொடர்பு என்று வினவுவார் இருக்கலாம். தொடர்பு உண்டு, போகப் போகப் புலனாகும்.

இப்பொறுப்பு நேற்றுத் தொடங்கியதன்று. 1921 ஆம் ஆண்டிலே, அமெரிக்காவின் சிக்காகோ நகரத்துக்கு மேலே பறந்த ஒரு விமானத்திலே, அந்நகரத்தைப் பற்றிய படம் ஒன்று பிரயாணிகளுக்குக் காட்டப்பட்டது. மெய்யான நகரம் கீழே கிடக்க, அதன் நிழலை அவர்கள் திரையிலே பார்த்திருந்தார்கள். 1925 இலே, இங்கிலாந்தின் 'இம்பீரியல் எயர்வேய்ஸ்' விமானம் ஒன்றிலே, கொனன் டொயிலின் நாவலைத் தழுவி எடுக்கப்பட்ட 'த லொஸ்ற் வேர்ல்ட்' என்னும் படம் காட்டப்பட்டது. அஃது ஊமைப் படம். அக்காலத்து விமானத்தின் இரைச்சலிலே அது வாய்திறந்து பேசியிருந்தாலும் ஒருவருக்கும் கேட்டிராது. 1961 ஆம் ஆண்டு யூலை மாதத்திலே, 'ரி. டபிள்யூ. ஏ.' என்னும் அமெரிக்க நிறுவனம், நியூயோர்க்கிலிருந்து லொஸ் ஏஞ்சல்ஸுக்குப் பறந்த விமானத்திலே முதல் வகுப்பாருக்குப் படம் காட்டுவதை ஒழுங்கான ஒரு சேவையாகத் தொடங்கியது. அடுத்த சில ஆண்டுகளிலே, வைத்தியர் நெஞ்சிலே வைத்துக் கேட்கும் கருவியை ஒத்த வெற்றுக் குழாய்கள் வந்தன. இருக்கையின் கைப்பிடியிலே எழும் ஒலி அக்குழாய்களின் வழியே காதுக்கு ஏறியது. 1988 இலே 'நோர்த்வெஸ்ட்' நிறுவனம் இருக்கைகளின் முதுகிலே சிறு திரைகளைப் பொருத்திப் பார்த்தது. இன்று நெடுந்தூர விமானங்கள் பலவற்றிலே ஆளுக்கு ஒரு திரை இருக்கின்றது. திரைக்குள்ளே நூற்றுக்கணக்கான படங்கள், பாட்டுக்கள், விளையாட்டுக்கள். எதை விரும்பினாலும் விரல் நுனியிலே தெரிந்துகொள்ளலாம் என்கிறார்கள்.

யார் தெரிந்துகொள்ளலாம் என்பதுதான் என் வினா.

நிற்க. சில ஆண்டுகளுக்கு முன், பாடசாலை விடுமுறையிலே, என் தாயாரை இலண்டனுக்கு அழைத்துச் சென்றேன். அங்கே என் தங்கையின் குடும்பம் வாழ்கின்றது. அம்மாவுக்கு அப்போது வயது 78. அதற்கு முன் அவர் விமானத்தைக் கண்டதெல்லாம் முற்றத்திலே நின்று அண்ணாந்து பார்த்ததுதான். மூன்றாம் வகுப்புக்கு மேலே படித்தவரும் அல்லர். கட்டுநாயக்காவிலே ஏறினோம், வளைகுடா நகர் ஒன்றிலே விமானம் மாறினோம், அங்கிருந்து இன்னும் ஏழு மணி நேரம் பறக்க வேண்டியிருந்தது.

எங்களுக்கு முன்னே இரண்டு திரைகள் ஒளிர்ந்தன. திரையைத் தொட்டபோது முதலில் ஒரு மொழிப் பட்டியல் வந்தது. அதிலே பல மொழிகள் இருந்தன, தமிழ் இல்லை. ஆங்கிலத்தின் வழியே புகுந்து, ஒரு வாயிலைக் கடந்து, இன்னொரு வாயிலையும் கடந்து, தமிழ்ப் படங்கள் சில இருக்கும் இடத்தை அடைந்தேன். அவற்றின் பெயர்களும் ஆங்கில எழுத்திலேதான் இருந்தன. ஒன்றைத் தெரிந்து, அம்மாவின் காதிலே ஒலிபன்னியை மாட்டிவிட்டேன். பத்து நிமிடம் பார்த்தார். வெட்டும் குத்துமாய் இருந்தது போலும். கழற்றி மடியிலே வைத்துவிட்டு, "உது வேண்டாம், ராசா. நீ பார். நான் சும்மா இருக்கிறன்" என்றார்.

நானும் அதை நம்பினேன். அல்லது, நம்புவது எனக்கு வசதியாயிருந்தது. களைப்பும் இருந்தது. என் காதிலே ஒலிபன்னியை மாட்டிக்கொண்டு ஒரு படம் பார்த்தேன். அது முடிய இன்னொன்று தொடங்கினேன். ஏறக்குறைய மூன்று மணி நேரம் கழிந்தபின் திரும்பிப் பார்த்தால், அம்மா இரு கைகளையும் மடியிலே சேர்த்துக்கொண்டு நிமிர்ந்து இருக்கின்றார். அவருடைய திரை அணைந்து கிடக்கின்றது. சாளரங்கள் எல்லாம் மூடியிருக்கின்றன. சுற்றிலும் இருள். நான் திரும்பியதைக் கண்டதும் அவர் கேட்டது ஒன்றே: "தம்பி, இப்ப நாங்கள் எந்த ஊருக்கு மேலாலை போறம்?"

அக்கேள்வியைக் கேட்பதற்கு அவர் எவ்வளவு நேரம் காத்திருந்தாரோ, நான் அறியேன்.

நிலப்படத்தைத் திரையிலே வரவழைத்தேன். சின்னஞ்சிறு விமானம் ஒன்று துருக்கி நாட்டைக் கடந்து கருங்கடலை நெருங்கிக்கொண்டிருந்தது. நாங்கள் கடந்துவந்த நிலம் தைகிரீசு, யூபிரத்தீசு என்னும் இரண்டு பேராறுகளின் நாடு என்றும், பல்லாயிரம் ஆண்டுகளுக்கு முன்பே அங்கே களிமண் பலகையிலே எழுத்தைப் பொறித்து வைத்தார்கள் என்றும் சொன்னேன். கடலுக்கு அப்பாலே தன்யூப் என்று ஓர் ஆறு வரும் என்றேன். அதன் நீளம் ஏறக்குறைய 2,850 கிலோமீற்றர். நம் மகாவலி கங்கையின் நீளம் 335 கிலோமீற்றர். எட்டு மகாவலியை வாலும் தலையுமாய்த் தொடுத்தாலும் தன்யூபுக்கு எட்டாது என்றேன். "உந்த ஆத்துத் தண்ணி எந்தப் பக்கம் ஓடுது?" என்று கேட்டார். "எங்களுக்கு எதிராய்த்தான், அம்மா. ஆறு கடலுக்கு வருது; நாங்கள் அது பிறந்த பக்கம் போறம்" என்றேன். எஞ்சிய நான்கு மணி நேரமும் ஒரு நாழிகை போலப் போயிற்று. இலண்டன் வீட்டிலே பேரப் பிள்ளைகளுக்கு அம்மா சொன்ன முதற் கதை, எதிராய் ஓடிவந்த அந்த ஆற்றின் கதைதான்.

அன்றைக்குத்தான், பல ஆண்டுகளாய் நான் வகுப்பிலே கற்பித்துவந்த ஒரு பாடம் எனக்கே விளங்கியது. கம்பருடைய யுத்த காண்டத்து மீட்சிப் படலத்தைச் சொல்கின்றேன். இலங்கையிலிருந்து புட்பக விமானம் புறப்படுகின்றது. போகும் வழி நெடிது. இராமன் என்ன செய்கின்றான்? சேதுவைக் காட்டுகின்றான். தானும் தம்பியும் திரிந்த இடங்களைக் காட்டுகின்றான். காட்டிக் காட்டிக் கதை சொல்கின்றான். காளிதாசனும் தன் இரகுவமிசத்தின் பதின்மூன்றாம் சருக்கத்தை இந்த ஒரு பயணத்துக்கே ஒதுக்கினான். அந்த நூலைத் தமிழிலே செய்தவர் நம் நல்லூர் அரசகேசரி. தேவ மகளிரின் ஆடலையும் பாடலையும் விமானத்துக்குள்ளே வைப்பது இப்பெருங் கவிஞர்களுக்கு அரிய காரியமா? அவர்கள் வைத்தது சாளரத்தையும் ஒரு குரலையுமே. பதினான்கு ஆண்டுத் துன்பமும் பிரிவும் அக்குரலிலே ஆறுகின்றன.

தமிழ்க் காப்பியங்களிலே வேறு வான்பயணங்களும் உண்டு. மணிமேகலையை மணிமேகலா தெய்வம் துயிலிலே எடுத்துச் சென்று மணிபல்லவத்திலே விடுகின்றது. நம் நயினாதீவே மணிபல்லவம் என்பார் உளர். அவள் ஒன்றும் அறியாது உறங்கினாள். விழித்தபின் இஃது எவ்விடம் என்று அலமந்தாள். சீவக சிந்தாமணியிலே விசயை தனியளாய் மயிற்பொறியிலே ஏறி வருகின்றாள். வானத்திலே அவள் செவியில் வீழ்ந்தது பகைவனுடைய வெற்றி முரசின் ஒலி. அவள் மயங்க, பொறி சுடுகாட்டிலே இறங்குகின்றது. கண்டும் கேட்டும் செல்பவள் சீதை. உறங்கிச் செல்பவள் மணிமேகலை. தனிமையிலே அஞ்சிச் செல்பவள் விசயை. இன்றைய விமானங்களிலும் இம்மூவகைப் பிரயாணிகளும் உளர். நிறுவனங்கள் உறங்குபவருக்குப் போர்வை கொடுக்கின்றன. கண்விழித்திருப்பவருக்குத் திரை கொடுக்கின்றன. விசயைக்கு என்ன கொடுக்கின்றன?

திருக்குறளிலே 40 ஆம் அதிகாரம் கல்வி. 41 ஆம் அதிகாரம் கல்லாமை. 42 ஆம் அதிகாரம் கேள்வி. இந்த வைப்பு முறையை மாணவர்கள் ஊன்றி நோக்க வேண்டும். கல்லாதவரைப் பழித்தவுடனே நூல் அவரைக் கைவிட்டுப் போய்விடவில்லை. படிக்கக் கிடைக்கவில்லையா, கேளுங்கள் என்று அடுத்த கதவைத் திறக்கின்றது. தளர்ந்த வேளையிலே அக்கேள்வி ஊன்றுகோலாய் நிற்கும் என்கின்றது. செவிக்கு உணவு என்று ஒன்று உண்டென்றும், வயிற்றுணவு அதற்குப் பிற்பட்டதென்றும் சொல்கின்றது. விமானத்திலே வயிற்றுணவு வேளை தவறாமல் தட்டிலே வருகின்றது. ஒருவர் சைவ உணவை முன்கூட்டியே கேட்டுப் பெறவும் முடிகின்றது. செவிக்குச் சைவ உணவு கேட்பவருக்கு அங்கே இடமில்லை.

என் தாயார் படியாதவர் என்றேன். அறியாதவர் என்று சொல்லவில்லை. யாழ்ப்பாணத்துக் கோயில்களிலே புராணபடனம் நடக்கும். ஒருவர் செய்யுளை இசையோடு வாசிப்பார்; இன்னொருவர் பயன் சொல்லுவார். சூரபன்மனுடைய தவத்தையும் சயந்தனுடைய சிறையையும் அம்மா அறிந்தது அவ்வழியாலேதான். பண்டிதமணி சி. கணபதிப்பிள்ளை அவர்கள் 'கந்தபுராண கலாசாரம்' என்று எதனைப் போற்றினார்களோ, அது பெரும்பாலும் காதினாலே கற்ற கலாசாரம். இன்று வெளிநாட்டுப் பிள்ளைகளிடம் நெடுந்தூரம் பறந்து போகும் நம் முதியோர்களிலே எத்தனையோ பேர் அந்தக் கலாசாரத்தின் மக்கள். அவர்களை ஒரு திரைக்கு முன்னே இருத்தி, "உங்களுக்கு வேண்டியதை நீங்களே தெரிந்துகொள்ளுங்கள்" என்று ஆங்கிலத்திலே சொல்வது உபசாரம் ஆகுமா?

பள்ளி தொடங்க வேண்டியிருந்தமையால் நான் மூன்று கிழமையிலே திரும்பிவிட்டேன். அம்மா ஆறு மாதம் தங்கிவிட்டுத் தனியே வந்தார். சக்கர நாற்காலியும் உதவியாளரும் இரண்டு விமான நிலையங்களிலும் தவறாமல் வாய்த்தன. அவ்வகையிலே ஒரு குறையும் இல்லை. கட்டுநாயக்காவிலே எதிர்கொண்டு, பயணம் எப்படி என்று கேட்டேன். "எந்த ஊருக்கு மேலாலை வந்தனான் எண்டு தெரியேல்லை, தம்பி. முழுக்க இருட்டாய்க் கிடந்தது" என்றார். அவர் அதை ஒரு முறைப்பாடாகச் சொல்லவில்லை. ஆனால், என்னை இக்கட்டுரை எழுத வைத்தது அந்தச் சொல்தான்.

இனி, இதற்குச் சொல்லப்படும் மறுப்புக்களை நோக்குவோம்.

பெரும்பாலார் விரும்புவது சினிமாவைத்தானே என்பது ஒன்று. விரும்பட்டும். நான் சினிமாவைப் பகைப்பவன் அல்லன். தாயை மறந்து இரண்டு படம் பார்த்தவன். படங்களைக் குறைக்குமாறு நான் கேட்கவில்லை. அவற்றின் பக்கத்திலே வேறொன்றையும் வைக்கவே கேட்கின்றேன்.

இருளிலே உறங்க வேண்டியவரைச் சாளர ஒளி வருத்தும் என்பது மற்றொன்று. மெய்தான். போயிங் 787 விமானத்திலே சாளரத்துக்கு மறைப்பே இல்லை. பொத்தானை அழுத்தக் கண்ணாடியே கருமை பூணும். பணியாளர்கள் எல்லாச் சாளரங்களையும் ஒருங்கே இருளச் செய்யவும் முடியும். பிறர் உறக்கத்துக்காகச் சாளரத்தை மூடுவது நியாயமே. ஆனால், கண்ணின் வழியை அடைத்தவர்கள் காதின் வழியையாவது திறந்துவைக்க வேண்டாமா? ஒரு குரல் ஒருவர் உறக்கத்தையும் கெடுக்காது. கேட்பவர் காதுக்குள்ளேயே அடங்கும்.

இக்காலத்திலே எல்லாரும் தத்தம் கைப்பேசியிலே வேண்டியதைக் கொண்டுவருகிறார்களே என்பது மூன்றாவது. நிறுவனங்களுக்கும் இது வாய்ப்பான மறுப்பு. 2017 ஆம் ஆண்டிலே 'அமெரிக்கன் எயர்லைன்ஸ்' நிறுவனம், தனது புதிய போயிங் 737 மாக்ஸ் விமானங்களிலே இருக்கைத் திரை இராது என்று அறிவித்தபோது, பிரயாணிகளே தம் கருவிகளைக் கொண்டுவருகின்றனர் என்பதையே காரணமாகக் காட்டியது. இளைஞருக்கு இது பொருந்தும். கைப்பேசியிலே பிள்ளையின் முகத்தைப் பார்ப்பதற்குக்கூடப் பேரனை அழைக்கும் பாட்டிக்கு இது பொருந்துமா? திரை போனால் அவளுடைய தனிமை இன்னும் ஒரு படி மிகும்.

பிரயாணியின் மனத்தை நிறுவனங்கள் அறியாதன என்றும் சொல்லமுடியாது. 1988 இலே வெளிவந்த 'றெயின் மான்' என்னும் படத்திலே, டஸ்ரின் ஹொஃப்மன் நடித்த பாத்திரம் விமான விபத்துக்களை ஒவ்வொன்றாய் ஒப்புவித்து, ஏறமாட்டேன் என்று அடம் பிடிக்கும்; குவாண்டாஸ் நிறுவனத்து விமானத்தையே வேண்டும். விமானங்களிலே அப்படத்தைக் காட்டியபோது பல நிறுவனங்கள் அக்காட்சியை வெட்டிவிட்டன. குவாண்டாஸ் வெட்டவில்லை. பிரயாணி அஞ்சுவாரே என்று நினைந்து ஒன்றை நீக்கத் தெரிந்தவர்களுக்கு, பிரயாணி தனித்திருப்பாரே என்று நினைந்து ஒன்றைச் சேர்க்கவும் தெரிந்திருக்க வேண்டும். பார்வையற்றோருக்காகக் காட்சிகளைச் சொல்லால் விரித்துரைக்கும் ஒலித்தடம் ஆங்கிலப் படங்கள் பலவற்றுக்கு இன்று உண்டு. ஆகவே, குரலின் பயன் அவர்களுக்குப் புதியதன்று.

நான் வேண்டுவன நான்கு. ஒன்று, திரையின் முதற் பட்டியல் தமிழ் எழுத்திலும் இருத்தல். இரண்டு, நிலப்படத்துக்கு ஒரு குரல். விமானம் ஓர் ஆற்றையோ மலையையோ கடலையோ அணுகும்போது, அதனைப் பற்றி இரண்டு மூன்று நிமிடம் இனிய தமிழிலே அது பேசட்டும். மூன்று, கேட்பதற்கு என்று ஒரு பகுதி. புராணபடனம், நாட்டுக்கூத்துப் பாட்டு, நாட்டார் கதை, நல்ல சிறுகதைகளின் வாசிப்பு என்பன அதிலே இடம்பெறட்டும். பாட்டிக்கு மாத்திரமன்றி, படிக்கத் தொடங்காத குழந்தைக்கும் அது உதவும். நான்கு, இவற்றை அடைவதற்குப் பல வாயில் வேண்டாம். தடவிப் பார்த்து அழுத்தக்கூடிய ஒரு பொத்தான் போதும். இவற்றுக்குப் பெருஞ் செலவு இல்லை. ஒரு திரைப்படம் அடைக்கும் இடத்திலே பல மணி நேரப் பேச்சு அடங்கும்.

பழியை எல்லாம் நிறுவனங்களின் மேலே போட்டுவிட்டு நாம் கைகழுவிவிடுதலும் தகாது. அவர்கள் நாளைக்கே இடம் தருகிறோம் என்றால், கொடுப்பதற்கு நம்மிடம் என்ன இருக்கின்றது? இலங்கை வானொலியின் தமிழ்ச் சேவைக்குத் தமிழ்நாடு காது கொடுத்த காலம் ஒன்று இருந்தது. குரலினாலே ஒரு பெரிய நாட்டின் நெஞ்சிலே இடம்பிடித்தவர்கள் நாம். இன்று, ஓர் ஆற்றைப் பற்றி, ஒரு முதியவர் களைப்பின்றிக் கேட்கத்தக்க மூன்று நிமிடத் தமிழ் எழுத நம் மாணவர்களுக்குப் பயிற்சி உண்டா? அவர்கள் எழுதுவது பரீட்சகரின் கண்ணுக்காக. கேட்பவரின் காதுக்காக எழுதுவது வேறொரு கலை. வாக்கியம் குறுகியிருக்க வேண்டும். எண்கள் அளவோடு வரவேண்டும். தெரிந்ததைக் காட்டித் தெரியாததைச் சொல்லவேண்டும். பயன் சொன்ன பெரியோர்கள் இதை அறிந்திருந்தார்கள். இது தமிழாசிரியர்களாகிய நம்முடைய வேலை.

இந்த எண்ணத்தோடு, சென்ற தவணையிலே, உயர்தர வகுப்பு மாணவர்களுக்கு ஒரு கட்டுரை கொடுத்தேன். கட்டுநாயக்காவிலே விமானம் எழுந்தபின் முதற் பத்து நிமிடத்திலே, பக்கத்தில் இருக்கும் ஒரு முதியவருக்கு என்ன சொல்லுவீர்கள் என்பதே பொருள். பலர் விமானத்தைக் கண்டுபிடித்தவர்களின் வரலாற்றை எழுதிவிட்டார்கள். ஒரு மாணவி மாத்திரம், விமான நிலையத்துக்கு அருகே கிடக்கும் நீர்கொழும்புக் களப்பைப் பற்றியும், அதிலே இறால் பிடிப்பவர்களைப் பற்றியும், நன்னீரும் உவர்நீரும் அங்கே கலக்கும் விதத்தைப் பற்றியும் எழுதியிருந்தாள். "ஆச்சி, அந்தா பாருங்கோ" என்று தொடங்கியிருந்தாள்.

அன்று மாலை அதனை வீட்டுக்குக் கொண்டுவந்து அம்மாவுக்கு வாசித்துக் காட்டினேன். கண்ணை மூடிக்கொண்டு கேட்டார். ஆசிரியப் பழக்கத்தினாலே நான் சிறிது விரைந்து வாசித்துவிட்டேன் போலும். "உதைக் கொஞ்சம் ஆறுதலாய் வாசி, தம்பி" என்றார். மறுபடியும் தொடக்கத்திலிருந்து வாசித்தேன்.